நூல் லாரியைப் பிடித்துவிட்டார்கள், கட்டினால் முடிந்ததா?

கேள்வி: கைலித் தறி 8 ஓட்டுகிறேன். ஈரோட்டிலிருந்து 4 லட்சம் ரூபாய்க்கு நூல் வாங்கினேன். லாரி தொப்பூர் கணவாயில் கிளட்ச் போய் ஒன்றரை நாள் நின்றுவிட்டது. புதன் நள்ளிரவோடு இ-வே பில் (சரக்கு கொண்டுபோக ஆன்லைனில் எடுக்கும் சீட்டு) கெடு முடிந்துபோக, வியாழன் காலை 6 மணிக்கு மாதனூர் அருகே ஜிஎஸ்டி ஸ்குவாடு மடக்கி, லாரியோடு நிறுத்திவிட்டார்கள். 40,000 ரூபாய் அபராதம் என்று நோட்டீஸ் வந்திருக்கிறது. தறியெல்லாம் சும்மா நிற்கிறது. கட்டிவிட்டால் கேஸ் முடிந்தது என்கிறார் லாரி ஆபீஸ்காரர். கட்டலாமா ஐயா?
(வாசகர், குடியாத்தம்)

பதில்: கட்டலாம். ஆனால் 'முடிந்தது' என்று நினைத்துக் கட்டாதீர்கள்.

முதலில் கணக்கு. நூலுக்கு 5 சதவீதம் வரி, 4 லட்சத்துக்கு 20,000. 2022 ஜனவரி 1 முதல் ஜிஎஸ்டி சட்டத்தின் 129-வது பிரிவில் அபராதம் அந்த வரியைப் போல இரண்டு மடங்கு, அதனால்தான் 40,000. நூல் வாங்கிய பில்லில் உங்கள் பெயர் இருப்பதால் வாங்கியவரான நீங்களே உரிமையாளராக முன்வரலாம், ஈரோட்டுக்காரர் வரும்வரை காத்திருக்க வேண்டாம். கையில் பணம் புரளவில்லை என்றால் அதே தொகைக்கு வங்கி உத்தரவாதம் கொடுத்தும் சரக்கை எடுக்கலாம்.

இப்போது முக்கியமான விஷயம். நோட்டீஸுக்கு (எம்ஓவி-07 என்பார்கள்) எழுத்தில் பதில் கொடுங்கள், அதில் 'தறி நிற்பதால் வேறு வழியின்றி, ஆட்சேபத்துடன் கட்டுகிறேன், உத்தரவு வேண்டும்' என்று தெளிவாக எழுதுங்கள். பணம் கட்டினால் நடவடிக்கை முடிந்ததாகக் கருதப்படும் என்று சட்டத்தில் ஒரு வரி இருக்கிறது, அதைக் காட்டித்தான் பல இடங்களில் உத்தரவு போடாமல் விட்டுவிடுகிறார்கள், உத்தரவு இல்லையென்றால் எதை எதிர்த்து அப்பீல் போவீர்கள்? 2025 ஜூலையில் ஏஎஸ்பி டிரேடர்ஸ் வழக்கில் உச்ச நீதிமன்றம் இதைத் தீர்த்துவிட்டது: பணம் கட்டிச் சரக்கை எடுத்திருந்தாலும், ஆட்சேபம் தெரிவித்திருந்தால் காரணத்தோடு உத்தரவு (எம்ஓவி-09) போட்டே ஆகவேண்டும். நோட்டீஸ் கொடுத்த 7 நாளுக்குள் அது வரவேண்டும், கேட்டு வாங்குங்கள். அப்பீலுக்கு 3 மாதம் அவகாசம்.

ஜெயிக்க முடியுமா? ஹைதராபாத் பக்கம் சத்யம் சிவம் பேப்பர்ஸ் என்ற நிறுவனத்துக்கு இதே கதைதான் நடந்தது. சாலை மறியலால் வண்டி நின்று இ-வே பில் காலாவதி ஆனது, அதை வைத்தே வரி ஏய்ப்பு என்றார் அதிகாரி. ஏய்க்கும் நோக்கத்துக்கு ஆதாரம் எங்கே என்று கேட்ட உச்ச நீதிமன்றம், 2022 ஜனவரியில், உயர் நீதிமன்றம் விதித்த 10,000 ரூபாய்க்கு மேல் இன்னும் 59,000 ரூபாய் செலவுத்தொகையை வரித்துறை கட்டச் சொன்னது. எல்லா வழக்கும் அப்படியே முடியும் என்று சொல்ல மாட்டேன். உங்கள் பக்கம் பேசப்போவது மெக்கானிக் பில், கிளட்ச் வாங்கிய ரசீது, எந்த டோல்கேட்டை வண்டி எத்தனை மணிக்குத் தாண்டியது என்ற பாஸ்டேக் விவரம். இவற்றை இன்றே வாங்கிவிடுங்கள், ஒரு மாதம் கழித்து ஒர்க்‌ஷாப்காரரைத் தேடி அலையாதீர்கள். ஸ்குவாடு டிரைவரிடம் எழுதி வாங்கிய வாக்குமூலத்தின் நகலும் வேண்டும்.

எனக்கு வருத்தம் எங்கே என்றால், இ-வே பில் முடிந்த பிறகும் 8 மணி நேரம் வரை லாரி ஆபீஸ் அதை நீட்டிக்கலாம். வண்டி கணவாயில் நின்றபோதே டிரைவர் ஒரு போன் போட்டிருந்தால் போதும், இவ்வளவும் இல்லை.

கேள்வி: இ-வே பில்லில் லாரி நம்பரின் கடைசி எண் மட்டும் தப்பு. இதற்கும் இரண்டு மடங்கா?
(வாசகர், ராணிப்பேட்டை)

பதில்: இல்லை. 2018 செப்டம்பர் 14 தேதியிட்ட 64-ம் எண் சுற்றறிக்கைப்படி, வண்டி நம்பரில் ஓரிரு எண் பிழைக்கு 129-வது பிரிவில் போகக்கூடாது, மத்திய, மாநிலச் சட்டத்துக்குத் தலா 500 என்று மொத்தம் 1,000 ரூபாய்தான். சரக்குக்கான பில்லும் மற்ற விவரங்களும் சரியாக இருக்க வேண்டும், அவ்வளவுதான். அந்தச் சுற்றறிக்கையின் நகல் ஒன்றை டிரைவரிடம் கொடுத்தே அனுப்புங்கள்.