டொனால்ட் பெல் ஆடிய ஐந்து ஆட்டங்கள்

அன்புள்ள ஆசிரியருக்கு,

முதல் உலகப்போரில் பிரிட்டனின் மிக உயர்ந்த வீரப்பதக்கமான விக்டோரியா கிராஸ் பெற்ற ஆங்கிலேயக் கால்பந்து வீரர் டொனால்ட் பெல் பற்றிய உங்கள் குறிப்பைப் படித்தேன். பிறகு தேடிப் பார்த்ததில், பிராட்ஃபோர்ட் பார்க் அவென்யூ அணிக்கு அவர் மொத்தமே ஐந்து ஆட்டங்கள்தான் ஆடியிருக்கிறார். அதுவும் இரண்டாம் டிவிஷனில். போரில் சாகாமல் இருந்திருந்தால் அவரை யாராவது கால்பந்துக்காரர் என்று நினைவில் வைத்திருப்பார்களா? பதக்கத்தை வைத்து ஆட்டத்தையும் பெரிதாக்குகிறோமோ என்று தோன்றுகிறது.

ஆர்., திண்டுக்கல்

அன்புள்ள ஆர்.,

ஐந்து என்ற கணக்கு சரிதான். ஆனால் அந்த ஐந்தை இன்றைய கண்ணால் பார்க்கக்கூடாது என்று நினைக்கிறேன்.

இங்கிலாந்து லீகில் மாற்று ஆட்டக்காரரை இறக்கும் வழக்கம் 1965இல்தான் வந்தது. அதற்கு முன் பதினொரு பேர் இறங்கினால் கடைசிவரை அந்தப் பதினொரு பேர்தான். யாருக்காவது கால் முறிந்தால் பத்துப் பேரோடு ஆட வேண்டியதுதான். பெல் ஆடியது ஃபுல்-பேக், அதாவது பின்வரிசைத் தடுப்பாட்டக்காரர். அதற்கு அணிக்கு இரண்டே இரண்டு இடம். அந்த இரண்டு பேரும் நன்றாக இருக்கும்வரை மூன்றாவது ஆள் ரிசர்வ் அணியில் காத்திருப்பார். சனிக்கிழமை தோறும் ஆடுவார், ஆனால் அது எதுவும் லீக் கணக்கில் ஏறாது.

அந்தக் காலத்து ஃபுல்-பேக்கின் வேலையையும் கொஞ்சம் யோசித்துப் பாருங்கள். பின்னால் இரண்டு பேர், நடுவில் மூன்று ஹாஃப்-பேக்குகள், முன்னால் ஐந்து பேர் என்று அணி நிற்கும். எதிரணியின் ஐந்து பார்வர்டுகள் கிளம்பி வந்தால், ஹாஃப்-பேக்குகளைத் தாண்டியபின் கோல்கீப்பருக்கு முன்னால் நிற்பது இந்த இரண்டு பேர்தான். ஆஃப்சைடு விதி அப்போது வேறு மாதிரி. பந்து தட்டப்படும்போது பார்வர்டுக்கு முன்னால் எதிரணியினர் மூன்று பேராவது இருந்தாக வேண்டும். அதனால் ஒரு பேக் சரியான நொடியில் நாலடி முன்னே வந்துவிட்டால் போதும், எதிரணி மொத்தமும் ஆஃப்சைடு. நியூகாசில் அணியின் ஃபுல்-பேக் பில் மெக்ராக்கன் இதில் மன்னர். 1925இல் மூன்றை இரண்டாகக் குறைத்ததற்கு அவரும் ஒரு காரணம் என்பார்கள். பெல் அமெச்சூராக இருந்தது அதே நியூகாசிலில்தான். அங்கே முதல் அணியில் அவருக்கு இடம் கிடைக்கவில்லை. மெக்ராக்கன் ஆடிக்கொண்டிருந்த இடத்துக்கு அருகே நிற்பதே ஒரு பள்ளிக்கூடம் என்று எனக்குத் தோன்றும்.

பள்ளிக்கூடம் என்றதும் இன்னொன்று. பெல் வாத்தியார். 1890இல் ஹாரோகேட்டில் பிறந்து, லண்டனில் ஆசிரியர் பயிற்சி முடித்து, ஊர் திரும்பிப் பக்கத்து ஸ்டார்பெக்கில் பாடம் நடத்தினார். 1912இல் அவர் பார்க் அவென்யூவில் தொழில்முறை வீரராகச் சேர்ந்ததற்குக் காரணம் புகழ் இல்லை, ஆசிரியர் சம்பளம் போதவில்லை. கால்பந்தும் அள்ளிக் கொடுக்கவில்லை. வாரம் நாலு பவுண்டுக்கு மேல் கிடையாது என்று கால்பந்து சங்கமே 1901இல் உச்சவரம்பு வைத்தது. 1910இல் அது ஐந்தானாலும், பல ஆண்டுகள் ஆடியவர்களுக்கு மட்டும்தான். 1913இல் வுல்வர்ஹாம்ப்டன் அணிக்கு எதிராக முதல் லீக் ஆட்டம். 1914இல் பார்க் அவென்யூ முதல் டிவிஷனுக்கு ஏறியது. அப்போது அவருக்கு இருபத்து மூன்று வயது. ஒரு பேக்குக்கு அது தொடக்கம்தானே?

அந்த ஆண்டே போர் வந்துவிட்டது. ஒப்பந்தத்திலிருந்து விடுவிக்கும்படி கிளப்பைக் கேட்டுக்கொண்டு நவம்பரில் சாதாரணச் சிப்பாயாகச் சேர்ந்தார். லீக் ஆட்டங்கள் அப்போதும் நடந்துகொண்டுதான் இருந்தன. கால்பந்து வீரர்களுக்கென்று தனி பட்டாலியன் தொடங்கியது அதற்கு அடுத்த மாதம்தான்.

1916 ஜூன் 5 அன்று திருமணம். சரியாக ஒரு மாதம் கழித்து, ஜூலை 5, பிரான்சின் சோம் போர்க்களம். ஒரு இயந்திரத் துப்பாக்கி அவருடைய ஆட்களைப் பக்கவாட்டில் சுட்டுக்கொண்டிருந்தது. பெல் இரண்டு பேரோடு பதுங்குகுழி வழியாக ஊர்ந்துபோய், அப்புறம் திறந்தவெளியில் ஓடி, சுட்டவனை ரிவால்வரால் வீழ்த்தி, குண்டு வீசி அதை அழித்தார். இதைப் பற்றி அம்மாவுக்கு எழுதிய கடிதத்தில், எல்லாம் அதிர்ஷ்டம், நான் ஒரே ஒரு குண்டுதான் எறிந்தேன் என்கிறார். ஜூலை 10 அன்று அதே போர்க்களத்தில் கோண்டால்மேசோன் என்ற கிராமத்தில் இறந்தார். பதக்க அறிவிப்பு செப்டம்பரில்தான் வந்தது.

பதக்கம் இல்லாவிட்டால் நானும் அவரைப் பற்றி எழுதியிருக்க மாட்டேன். அதில் நீங்கள் சொல்வது உண்மை. ஆனால் அதற்காக அந்த ஐந்து ஆட்டங்களைத் தள்ளிவிட என்னால் முடியாது. 2010இல் அந்தப் பதக்கம் ஏலத்துக்கு வந்தபோது 2,10,000 பவுண்டு கொடுத்து வாங்கியது ராணுவம் இல்லை, கால்பந்து வீரர்களின் தொழிற்சங்கம். அவர்களுக்கு அவர் சக தொழிலாளி.

பார்க் அவென்யூ அணி 1970இல் லீகிலிருந்து வெளியேற்றப்பட்டது, 1974இல் கலைக்கப்பட்டது. 1988இல் அதே பெயரில் மீண்டும் தொடங்கினார்கள், ஆனால் பழைய மைதானத்தில் மரங்கள் வளர்ந்துவிட்டன. கோல் இருந்த இடத்தைப் பிற்பாடு தொல்லியல்காரர்கள் தோண்டினார்கள். வலை மாட்டிய கொக்கிகளும், ஆட்டக்காரர்களின் பூட்ஸின் அடியிலிருந்து விழுந்த ஸ்டட் என்னும் குமிழ்களும் மண்ணிலிருந்து கிடைத்தன.