கையெழுத்து இருக்கிறது, முகத்தைக் காட்டலாமா?

கேள்வி: எங்கள் நகராட்சியின் ஒப்பந்தத் தூய்மைப் பணியாளர்களைப் பற்றி 40 நிமிட ஆவணப்படம் எடுத்திருக்கிறேன். முக்கியமாக வரும் அக்கா, "மகளுக்கு வரன் பாக்குறோம், என் மூஞ்சி வேண்டாம் தம்பி" என்கிறார். அவர் கையெழுத்துப் போட்ட சம்மதப் பத்திரம் என்னிடம் இருக்கிறது. படமே அவரை நம்பித்தான். என்ன செய்வது?

பதில்: முகத்தை எடுத்துவிடுங்கள். அவர் கையெழுத்துப் போட்ட அன்று படம் எப்படி வரும் என்பது அவருக்கும் தெரியாது, உங்களுக்கும் தெரியாது. ஒரு துண்டுக் காட்சி வாட்ஸ்அப்பில் கிளம்பி சம்பந்தி வீட்டுக்குப் போய்ச் சேர்ந்தால் அந்தப் பத்திரம் அவருக்கு எதற்கு உதவும்?

முகத்தை மங்கலாக்கும் யோசனை வேண்டாம். போலீஸ் பிடித்துவந்த ஆளைப் போலத் தெரிவார். ஊர்க்காரர்களோ குரலையும் தள்ளுவண்டி எண்ணையும் வைத்தே கண்டுபிடித்துவிடுவார்கள். கைகள், முதுகுப்பக்கம், விடியற்காலை வருகைப் பதிவு வரிசை என்று உங்களிடம் நிச்சயம் காட்சிகள் இருக்கும். குரலை வைத்துக்கொள்ளலாமா என்று தனியாகக் கேளுங்கள். கூடாதென்றால், அவர் பேசியதை உடன் வேலை செய்யும் ஒருவர் வாசிக்கட்டும்.

இன்னொன்று. பாதுகாப்புக் கருவி இல்லாமல் மலக்குழிக்குள் ஆளை இறக்குவது, கையால் மலம் அள்ளவைப்பதைத் தடைசெய்யும் 2013-ஆம் ஆண்டுச் சட்டப்படி குற்றம், தண்டனை இறக்கியவருக்குத்தான். ஆனால் படம் வெளிவந்ததும் "நாளையிலிருந்து வராதே" என்ற வார்த்தையைக் கேட்பது உள்ளே இறங்கியவர். அப்படிப்பட்ட காட்சி இருந்தால், வெளியிடும் முன் தொழிற்சங்கத்தாரிடமும் ஒரு வழக்கறிஞரிடமும் காட்டிவிடுங்கள்.

கனடாவின் ஃபோகோ தீவில் 1967-இல் ஆவணப்பட இயக்குநர் காலின் லோ படம் எடுத்தபோது, தீவு மக்களை வேறிடத்துக்குப் பெயர்க்கும் பேச்சு நடந்துகொண்டிருந்தது. எடுத்ததையெல்லாம் முதலில் அவர்களுக்கே போட்டுக் காட்டி, அவர்கள் சரியென்ற பிறகுதான் வெளியாருக்குக் காட்டினார். பிறகு அதே படங்களை அரசாங்கத்தாரும் பார்த்தார்கள். மக்களிடம் கேட்டுச் செய்ததால் படத்தின் வலு குறைந்துவிடவில்லை. தீவு இன்றும் காலியாகவில்லை.

நான் ஒருமுறை ஓர் அம்மாவின் வீட்டுத் திண்ணையில் மடிக்கணினியை வைத்துப் படத்தை ஓட்டினேன். சாக்கடைக்குள் கைவிட்டு மண் அள்ளும் காட்சியைத்தான் வெட்டச் சொல்வார் என்று பயந்துகொண்டிருந்தேன். "அது என் வேலைதானே, இருக்கட்டும்" என்றார். கொடியில் காய்ந்த உள்பாவாடை ஓரமாகத் தெரிந்த மூன்று விநாடியில்தான் கூசிப்போனார். எத்தனையோ தடவை ஓட்டிப் பார்த்தும் அது என் கண்ணில் படவே இல்லை.

அதனால் இந்த அக்காவுக்கும் முழுப் படத்தையும் காட்டுங்கள். ஸ்டூடியோவுக்கு வரச் சொல்லாதீர்கள். அவருக்கு வேலையில்லாத நாளில் அவர் வீட்டுக்கே போங்கள். மகளும் உடன் உட்காரட்டும். அவர்கள் வேண்டாம் என்பதை அங்கேயே குறித்துக்கொண்டு, வெட்டிய பிறகு மறுபடி கொண்டுபோய்க் காட்டுங்கள். திரையிடலுக்குச் சரி என்றவர் யூடியூபுக்கு வேண்டாம் என்று சொல்லலாம். இரண்டையும் தனித்தனியாகக் கேளுங்கள்.