ஜோசப் குவோ யார்? இந்தத் தைவான் இயக்குநரின் பெயர் ஏன் பரவலாகத் தெரியவில்லை?

ஜோசப் குவோ, சொந்தக் கம்பெனி வைத்துக் குங்ஃபூ படம் எடுத்த தைவான்காரர். இதைத்தான் 'சுயாதீனத் தயாரிப்பு' என்பார்கள். பெரிய ஸ்டுடியோவின் சம்பளக்காரர் இல்லை, அவ்வளவுதான்.

பெயர் பரவாததற்குக் காரணமும் அதுவே. ஹாங்காங்கின் பெரிய ஸ்டுடியோவான ஷா பிரதர்ஸிடம் செட், நடிகர், தியேட்டர் எல்லாம் கைவசம் இருந்தன. குவோவோ எடுத்த படத்தைத் தானே விற்க வேண்டியிருந்தது. தள்ளுவண்டிக் கடை மாதிரி: ருசி இருக்கும், போர்டு இருக்காது.

ருசிக்குச் சாட்சி, 1979-இல் வந்த 'மிஸ்டரி ஆஃப் செஸ்பாக்ஸிங்'. சீனச் சதுரங்க ஆசானிடம் சண்டை கற்கும் இளைஞன் கதை. ஆனால் மனதில் நிற்பது வில்லன்தான். கொல்லும் முன் தன் அடையாளத் தகட்டை வீசி எறிவான்! அமெரிக்க ராப் பாடகர் கோஸ்ட்ஃபேஸ் கில்லா பெயர் எடுத்துக்கொண்டது இவனிடமிருந்துதான்.

குங்ஃபூ என்றாலே ஹாங்காங் என்று இந்தப் படத்தையும் அந்தக் கணக்கில் சேர்த்துவிடுகிறார்கள். இது தைவான் படம்.