உத்தரவு வந்தும் ஓடை திறக்கவில்லை

கேள்வி: பாசன ஓடையின் ஆக்கிரமிப்பை, உத்தரவு நகல் கிடைத்த 12 வாரங்களுக்குள் அகற்றும்படி உயர் நீதிமன்ற மதுரைக் கிளை ஆணையிட்டு எட்டு மாதங்களாகியும் அதிகாரிகள் அசையவில்லையே?
– வாசகர், தக்கலை

பதில்: நகல் எந்தத் தேதியில் அவர்கள் கைக்குச் சேர்ந்தது என்பதற்கான ஒப்புகை உங்களிடம் இருக்கிறதா? ‘நகலே வரவில்லை’ என்பதுதான் வழக்கமாக முதலில் வரும் பதில். ஆகவே, அலுவலக முத்திரையிட்ட அந்தத் துண்டுச்சீட்டைப் பத்திரமாக வைத்திருங்கள். கெடு முடிந்த பிறகும் வேண்டுமென்றே கீழ்ப்படியாதிருப்பது, 1971ஆம் ஆண்டு நீதிமன்ற அவமதிப்புச் சட்டப்படி உரிமையியல் அவமதிப்பாகும் என்பதால், கெடு முடிந்த நாளிலிருந்து ஓராண்டுக்குள் மதுரைக் கிளையிலேயே மனுத் தாக்கல் செய்யலாம். ஆறு மாதம் வரை வெறுங்காவலோ, 2,000 ரூபாய் வரை அபராதமோ, இரண்டுமோ விதிக்கப்படலாம். மனப்பூர்வமாக மன்னிப்புக் கோரினால் நீதிமன்றம் தண்டனையைக் கைவிடவும் கூடும்.