வருகிறவர்களை நிறுத்த முடியுமா?

அன்புள்ள சார்,

நான் மந்தைவெளியில் பிறந்து வளர்ந்தவன். வாடகை கட்டுப்படியாகாமல் பத்து வருடத்துக்கு முன் மேடவாக்கம் பக்கம் ஃப்ளாட் வாங்கிக்கொண்டு வந்தேன். இன்றுவரை லாரித் தண்ணீர்தான். பாதாளச் சாக்கடை கிடையாது. மழைக்காலத்தில் செப்டிக் டேங்க் பொங்கித் தெருவில் முழங்கால் அளவுக்கு நிற்கும். ஆபீஸ் போய்வர மூன்று மணி நேரம் ஆகிறது. நகரங்களைப் பற்றி எழுதும்போதெல்லாம் நீங்கள் புதிதாக வருகிறவர்கள் பக்கமே நிற்கிறீர்கள். தினமும் சென்ட்ரலில் வந்து இறங்கும் கூட்டத்தைப் பார்த்திருக்கிறீர்களா? ஒரு ஊர் எத்தனை பேரைத்தான் தாங்கும்? வேலையும் வீடும் இருப்பவர்களுக்கு மட்டும் அனுமதி அட்டை என்று சட்டம் போட்டால் என்ன? ஆற்றோரத்தில் இருந்தவர்களை வெளியே கொண்டுபோய் அடுக்குமாடியில் வைத்தது நல்ல காரியம்தானே? கோபத்தில் எழுதவில்லை, களைத்துப்போய் எழுதுகிறேன்.

எம்., சென்னை

அன்புள்ள எம்.,

நீங்கள் கேட்கும் அனுமதி அட்டை ஒரு ஊரில் நிஜமாகவே இருந்தது. 1970இல் இந்தோனேசியாவின் ஜகார்த்தா நகருக்கு ஆளுநராக இருந்த அலி சாதிக்கின் என்பவர், இனி இது மூடிய நகரம் என்று அறிவித்தார். கடற்படையிலிருந்து வந்தவர், சொன்னதைச் செய்து பழகியவர். வெளியூர்க்காரர் யாராக இருந்தாலும் வேலைக்கும் தங்குமிடத்துக்கும் சான்று காட்ட வேண்டும். ஊர் திரும்பும் பயணச் செலவைப்போல் இரண்டு மடங்கு பணத்தை முன்பணமாகக் கட்ட வேண்டும். அப்புறம்தான் குடியிருப்பு அட்டை.

என்ன ஆனது? 1971 கணக்கெடுப்பில் ஜகார்த்தாவில் சுமார் 45 லட்சம் பேர். 1980இல் 65 லட்சம். அட்டைக்கு லஞ்சம் கொடுக்க முடிந்தவர்கள் அதை வாங்கிக்கொண்டார்கள், முடியாதவர்கள் அட்டை இல்லாமலே இருந்தார்கள். கிராமத்தில் வேலை இல்லாதவனை, நகரத்தில் வேலை இருக்கும்வரை, எந்த அட்டையாலும் தடுக்க முடியவில்லை.

ஆனால் அதே அலி சாதிக்கின் இன்னொரு வேலையும் செய்தார். அதைத்தான் உங்களுக்குச் சொல்ல ஆசைப்படுகிறேன். ஜகார்த்தாவில் ஏழைகளும் நடுத்தரத்தாரும் நெருக்கியடித்து வாழும் பகுதிகளுக்குக் கம்போங் என்று பெயர். சிங்கப்பூர், மலேசியா வாசகர்களுக்கு அந்தச் சொல் நன்றாகவே தெரியும். 1969இல் தொடங்கிய கம்போங் மேம்பாட்டுத் திட்டத்தில் குடியிருப்புகளை இடித்துத் தள்ளவில்லை, யாருக்கும் வீடு கட்டித் தரவுமில்லை. சேறாகக் கிடந்த சந்துகளுக்கு கான்கிரீட் போட்டார்கள், பக்கத்தில் வடிகால் வெட்டினார்கள், பொதுக் குழாயும் கழிப்பறையும் வைத்தார்கள். சந்து காய்ந்ததும் மக்கள் தாங்களே வீட்டைத் திருத்த ஆரம்பித்தார்கள். மூங்கில் தட்டி இருந்த இடத்தில் செங்கல் சுவர் வந்தது. இனி இடிக்க மாட்டார்கள் என்ற தைரியம் வந்துவிட்டால் மனுஷன் கடன் வாங்கியாவது சுவர் எழுப்புவான். 1980இல் அந்தத் திட்டத்துக்கு ஆகா கான் கட்டடக்கலை விருது கிடைத்தது.

அதில் ஒரு பெரிய குறையும் இருந்தது. தெருமுனைக்கு வந்த குழாய் எல்லார் வீட்டுக்குள்ளும் போகவில்லை. வீடுகளும் ஓட்டல்களும் ஆலைகளும் நிலத்தடி நீரை உறிஞ்சிக்கொண்டே இருந்தன. இன்று வடக்கு ஜகார்த்தாவின் நிலமே கடல் மட்டத்துக்குக் கீழே இறங்கிக்கொண்டிருக்கிறது. உங்கள் தெருவுக்கு வரும் லாரியும் எங்கோ ஒரு போர்வெல்லிலிருந்துதான் நிரப்பிக்கொண்டு வருகிறது என்பதால் இதைச் சொல்கிறேன்.

சரி, சென்னைக்கு வருவோம். 2001க்கும் 2011க்கும் இடையே சென்னை மாவட்டத்தின் மக்கள்தொகை 43 லட்சத்திலிருந்து 46 லட்சம் ஆனது, அவ்வளவுதான். அதே பத்தாண்டில், உங்கள் மேடவாக்கமும் சேர்ந்திருந்த அப்போதைய காஞ்சிபுரம் மாவட்டம் 29 லட்சத்திலிருந்து 40 லட்சத்தைத் தொட்டது. ஊர் பெருத்தது ஓரத்தில். அங்கே போனவர்களில் வெளியூர்க்காரர்களும் உண்டு, மந்தைவெளியிலிருந்து போன உங்களைப் போன்றவர்களும் உண்டு. நீங்கள் போய்ச் சேர்ந்த நேரத்தில் அந்த ஊர்களில் பல சட்டப்படி கிராம ஊராட்சிகள். ஏரி, வயல், நாலு தெரு என்று இருந்த ஊருக்கான நிர்வாகம் பல்லாயிரம் ஃப்ளாட்டுகளுக்கு எப்படிச் சாக்கடை போடும்? உங்கள் கஷ்டத்துக்குக் காரணம் ஆட்கள் வந்தது என்று நீங்கள் நினைக்கிறீர்கள். ஆட்கள் வருவார்கள் என்று எல்லாருக்கும் தெரிந்திருந்தும் குழாய் அவர்களுக்கு முன்னால் போகவில்லையே, என் ஆற்றாமை அதில்தான்.

அப்படிக் குழாய் முன்னால் போன காலமும் இருந்தது. 1977இல் உலக வங்கிக் கடனில் தொடங்கிய சென்னை நகர்ப்புற வளர்ச்சித் திட்டத்தில் அரும்பாக்கம், வில்லிவாக்கம், கொடுங்கையூர் மூன்று இடங்களில் மனைகள் பிரித்தார்கள். தெரு, தண்ணீர், சாக்கடை, மின்சாரம் எல்லாம் முதலில். பெரும்பாலானவை ஒரு சென்ட்டை ஒட்டிய சின்ன மனைகள், ஏழைகளுக்கு, தவணையில். பெரிய மனைகளையும் கடைக்கான இடங்களையும் நல்ல விலைக்கு விற்று அந்தப் பணத்தில் சின்ன மனைகளின் சுமையைக் குறைத்தார்கள்.

வில்லிவாக்கத்தில் என் சித்திக்கு அப்படி ஒரு மனை கிடைத்தது. சித்தப்பா லேத் பட்டறையில் வேலை பார்த்தார். அவர்களிடம் கொடுத்தபோது அங்கே இருந்தது ஒரு அடித்தளம், பின்பக்கம் ஒரு கழிப்பறை, ஒரு குழாய், அவ்வளவே. முதல் இரண்டு மழைக்காலம் கீற்றுக் கூரை. அப்புறம் சிமெண்ட் ஷீட். மூத்தவள் கல்யாணத்துக்கு முன்னால் தளம் போட்டார்கள். சித்தப்பா போனபிறகு மாடியில் ஒரு ரூம் எடுத்து வாடகைக்கு விட்டாள், அந்த வாடகையில்தான் சின்னவன் டிப்ளமா முடித்தான். இன்று போனாலும் மொட்டை மாடியின் நாலு மூலையிலும் கம்பிகள் நீட்டிக்கொண்டிருக்கும். துருப்பிடிக்கக் கூடாது என்று ஒவ்வொன்றிலும் பிளாஸ்டிக் கவரைச் சுற்றிக் கட்டி வைத்திருக்கிறாள், பேத்திக்கு ஒரு மாடி எடுக்க வேண்டுமாம். மழை தண்ணி பட்டா போச்சுடா என்பாள்.

இந்த மாதிரித் திட்டங்கள் தோற்றுவிட்டன என்று ஒரு காலத்தில் முடிவு கட்டினார்கள். மனைகள் மெதுவாக நிரம்பின, வீடுகள் அரைகுறையாக நின்றன. உலக வங்கியின் ஆய்வாளர்களே இருபது வருடம் கழித்து சென்னை, மும்பை மனைகளைத் திரும்பப் போய்ப் பார்த்தார்கள். பல வருமானக்காரர்களும் கலந்து வாழும், கடைகண்ணியோடு கூடிய உயிருள்ள பேட்டைகளாக அவை மாறியிருந்தன. அதற்குள் நாம் அந்த வழியைக் கைவிட்டிருந்தோம். வெறும் மனையும் குழாயும் விழா மேடைக்கு ஆகாது, கட்டி முடித்த வீட்டின் சாவியைக் கொடுத்தால் போட்டோ எடுக்கலாம். நான் கண்டவரை இது ஒரு முக்கியமான காரணம். அரசு விட்ட இடத்தை மனை வியாபாரிகள் பிடித்தார்கள். கலர் கொடி கட்டி, வேனில் ஏற்றிப்போய்ச் சாப்பாடு போட்டு விற்ற அப்ரூவல் இல்லாத மனைகளில் இன்றும் சாக்கடை இல்லாமல் எத்தனை ஆயிரம் குடும்பங்கள்!

அடுக்குமாடியில் வைத்தது நல்ல காரியம்தானே என்று கேட்டீர்கள். எம்., நீங்கள் ஆபீஸ் போய்வர மூன்று மணி நேரம் ஆகிறது என்று நொந்து எழுதியிருக்கிறீர்கள். கண்ணகி நகருக்கும் செம்மஞ்சேரிக்கும் பெரும்பாக்கத்துக்கும் அனுப்பப்பட்டவர்களில் பலர் வீட்டுவேலை, மீன் வியாபாரம், சுமை தூக்குதல் என்று பழைய இடத்தை நம்பிப் பிழைத்தவர்கள். நாலு வீட்டில் பாத்திரம் தேய்க்கும் பெண் அதே தூரத்தை இரண்டு பஸ் மாறிப் போய்வந்தால், பஸ்ஸுக்குப் போக மிஞ்சுவது என்ன? அதிலும் பெரும்பாக்கம் குடியிருப்பு நிற்பது பள்ளிக்கரணைச் சதுப்பு நிலத்தின் ஓரத்தில். வெள்ளத்துக்குப் பயந்து ஆற்றோரத்திலிருந்து அழைத்துவந்தவர்களை இன்னொரு தாழ்வான இடத்தில் இறக்கிவிட்டிருக்கிறோம்.

நீர்வழியில் யாரும் குடியிருக்கக் கூடாது என்றால் நான் உங்கள் பக்கம். ஆனால் அந்தச் சட்டம் பள்ளிக்கரணையைத் தூர்த்து எழும்பிய கண்ணாடிக் கட்டடங்களுக்கும் சேர்த்துத்தான் இருக்க வேண்டும். குடிசைக்காரருக்கு மாற்று இடம் கொடுத்தால், நடந்தோ ஒரே பஸ்ஸிலோ வேலைக்குப் போகும் தூரத்தில் கொடுக்க வேண்டும். நகரத்துக்குள் அரசு நிலம் இல்லாமல் இல்லை.

2022இல் சென்னைப் பெருநகரத் திட்டப் பகுதியை 1,189 சதுர கிலோமீட்டரிலிருந்து 5,904 ஆக விரித்தார்கள், அரக்கோணம் வரை போகிறது. அதில் பெரும்பகுதி இன்னும் வயலும் ஏரியும்தான். இப்போதே வரைபடத்தில் அகலத் தெருக்களையும் வாய்க்கால்களையும் குறித்து, ஏரிகளுக்குக் கல் நட்டு எல்லை போட்டு, சின்ன மனைகளுக்கு நிலம் எடுத்து வைக்கலாம். ஒரு ஏக்கர் நாலு கோடி ஆனபிறகு முடியாது. இந்தப் பகுதிக்கான முழுமைத் திட்டத்துக்கு, அதாவது மாஸ்டர் பிளானுக்கு, கருத்துக் கேட்பார்கள், நீங்கள் போக வேண்டும். எனக்கு எழுதியதை அப்படியே அங்கே சொல்லுங்கள், லாரித் தண்ணீர், செப்டிக் டேங்க், மூன்று மணி நேரம், எல்லாவற்றையும். உங்கள் வீட்டில் வேலை செய்யும் அம்மாவையும் அழைத்துப் போங்கள்.