பஞ்சம் கண்ட உடலும் சர்க்கரை நோயும்: வாசகர் கேள்வி – பதில்

*என் தந்தைக்கு 60 வயது. விவசாயி, ஒல்லியான தேகம், இனிப்புப் பக்கமே போகாதவர். அவருக்குச் சர்க்கரை நோய் வந்திருக்கிறது. வாயைக் கட்டாததால் வந்தது என்கிறார்கள் உறவினர்கள். பஞ்சத்தில் அடிபட்ட பரம்பரை என்பதால் மரபணுவிலேயே இருக்கிறது என்கிறான் தம்பி. எது உண்மை?*
*– வாசகர், திருத்துறைப்பூண்டி*

இரண்டுமே முழு உண்மை இல்லை. உங்கள் தந்தையின் மீது பழி சுமத்த இதில் இடமே இல்லை என்பதை முதலில் சொல்லிவிடுகிறேன்.

தம்பி சொல்லும் கருத்தை 1962இல் முன்வைத்தவர் ஜேம்ஸ் நீல் என்னும் அமெரிக்க மரபியல் அறிஞர். உணவு கிடைத்த நாளில் அதை விரைந்து கொழுப்பாகச் சேர்த்து வைத்துக்கொள்ளும் உடல் பட்டினிக் காலத்தில் பிழைத்துக்கொள்ளும் என்றும், அவ்வாறு பிழைத்தவர்களின் வழித்தோன்றல்கள் மூன்று வேளையும் சோறு கிடைக்கும் காலத்தில் அதே திறனால் நீரிழிவுக்கு ஆளாகிறார்கள் என்றும் அவர் கருதினார். ‘சிக்கன மரபணு’ என்று பெயர் பெற்ற இந்த விளக்கம் கேட்டவுடன் மனத்தில் பதிந்துவிடுகிறது; இத்தனை ஆண்டுகள் அது நிலைத்திருப்பதற்கு அதுவே பெரிய காரணம் என்று நினைக்கிறேன்.

ஆனால் பஞ்சம் அப்படிக் கொல்வதில்லை. 1876–78ஆம் ஆண்டுகளில் சென்னை மாகாணத்தை அழித்த தாது வருடப் பஞ்சத்தில் பட்டினியோடு காலராவும் காய்ச்சலும் சேர்ந்தே மக்களை வாரிக்கொண்டு போயின. பொதுவாகப் பஞ்சங்களில் முதலில் இறப்பவர்கள் சிறு குழந்தைகளும் முதியவர்களும்தான். உடலில் கொஞ்சம் கொழுப்பு கூடுதலாக இருந்ததா என்பதைவிட, நல்ல தண்ணீர் கிடைத்ததா, வேறு ஊருக்குப் போக முடிந்ததா என்பதே பெரும்பாலும் உயிரைத் தீர்மானித்தது. மேலும், நீரிழிவோடு தொடர்புடையவையாக இன்று அறியப்பட்டுள்ள நூற்றுக்கணக்கான மரபணு வேறுபாடுகளில் பெரும்பாலானவற்றின் பங்கு தனித்தனியே மிகச் சிறியது. சமோவா தீவு மக்களிடம் 2016இல் கண்டறியப்பட்ட ஒரு மரபணு வேறுபாடு உடல் எடையைக் கூட்டுகிறது. ஆனால் அதை உடையவர்களிடம் நீரிழிவு குறைவாகவே காணப்படுகிறது. நீல் எதிர்பார்த்திருக்க வேண்டியதற்கு இது நேர்மாறானது.

உங்கள் தந்தையைப் போன்றவர்களைப் புரிந்துகொள்ள எனக்கு அதிகம் உதவியவை புனே நகரத்து மருத்துவர் சித்தரஞ்சன் யாஜ்னிக்கும் அவருடைய குழுவினரும் செய்த ஆய்வுகள். அங்கே பிறந்த குழந்தைகளின் சராசரி எடை சுமார் 2.7 கிலோ, ஒப்பிட்டுப் பார்த்த இங்கிலாந்துக் குழந்தைகளின் எடையோ சுமார் 3.5 கிலோ. புனேக் குழந்தைகளிடம் குறைந்திருந்தவை தசையும் வயிற்றுப் பகுதியின் உள்ளுறுப்புகளுமே. தோலுக்கு அடியிலுள்ள கொழுப்பு அந்த அளவுக்குக் குறையவில்லை. 2004இல் யாஜ்னிக், தம்மையும் தம் ஆங்கிலேய நண்பர் ஜான் யட்கினையும் சேர்த்து எடுத்த ஒரு படத்தை வெளியிட்டார். உயரத்துக்கு ஏற்ற எடையா என்று காட்டும் உடல் நிறை குறியீட்டெண் இருவருக்கும் ஒன்றே, 22.3. ஆனால் நண்பரின் உடலில் கொழுப்பு 9.1 சதவீதம், யாஜ்னிக்கின் உடலில் 21.2 சதவீதம்.

தாய்க்கு ஊட்டம் குறையும்போது, கருவிலுள்ள குழந்தைக்குக் கிடைப்பதை உடல் முதலில் மூளைக்கு ஒதுக்குகிறது. தசை, இரத்தச் சர்க்கரையைக் கட்டுப்படுத்தும் இன்சுலினைச் சுரக்கும் கணையம், சிறுநீரகம் ஆகியவற்றுக்குப் பங்கு குறைந்துவிடுகிறது. வெளியே பற்றாக்குறையான உலகம் காத்திருக்கிறது என்று கரு முன்கூட்டியே கணித்து உடலை அமைத்துக்கொள்கிறது என்று சில அறிஞர்கள் சொல்கிறார்கள். கையிலிருப்பதைக் கொண்டு உயிரைக் காப்பாற்றிக்கொள்ளும் வேலைதான் அங்கே நடக்கிறது, கணிப்பு எதுவும் இல்லை என்பது என் எண்ணம். எப்படியாயினும், பரிணாமம் நமக்கு விட்டுச்சென்றிருப்பது இந்த வளைந்துகொடுக்கும் தன்மை. முப்பது வயதுக்குள் குழந்தை பெற்று வளர்த்துவிட அது போதுமானது. அறுபது வயது வரை கணையம் தாங்குமா என்பதை இயற்கைத் தேர்வு பெரிதாகப் பொருட்படுத்துவதில்லை.

நாம் உண்ணும் மாவுச்சத்து சர்க்கரையாகி இரத்தத்தில் கலந்தபின், அதில் பெரும்பகுதியை உள்வாங்கிக்கொள்ள வேண்டியது தசை. தசை குறைவாகவும் கணையம் எளிதில் சோர்வதாகவும் இருக்கும் ஒருவர் தீட்டிய அரிசிச் சோற்றை மூன்று வேளையும் உண்டு, முன்பு கையால் செய்த வேலையை இயந்திரத்துக்கு விட்டுவிடும்போது, ஒல்லியாக இருந்தாலும் நோய் வருகிறது. அதனால்தான் ஆசியர்களுக்கு உடல் நிறை குறியீட்டெண் 25 வரை காத்திராமல் 23 என்ற அளவிலேயே கவனம் தேவை என்று உலக சுகாதார நிறுவனம் 2004இல் அறிவுறுத்தியது. ஆண்களுக்கு இடுப்புச் சுற்றளவு 90 சென்டிமீட்டரையும் பெண்களுக்கு 80 சென்டிமீட்டரையும் தாண்டக்கூடாது. இந்தியாவில் சுமார் 10.1 கோடிப் பேருக்கு நீரிழிவு இருப்பதாக 2023இல் வெளியான இந்திய மருத்துவ ஆராய்ச்சிக் கழகத்தின் ஆய்வு மதிப்பிட்டுள்ளது. உங்களுக்கும் உங்கள் தம்பிக்கும் 30 வயது ஆகிவிட்டதென்றால் தந்தையின் நோயைக் காரணமாகக் கொண்டு ஆண்டுதோறும் சோதித்துக்கொள்ளுங்கள். வீட்டில் திருமண வயதிலுள்ள பெண்கள் இருந்தால் அவர்கள் சரியாகச் சாப்பிடுகிறார்களா, இரத்தசோகை இருக்கிறதா என்று இப்போதே பாருங்கள். கருவுற்ற பிறகு சத்து மாத்திரை வாங்கிக் கொடுப்பது தாமதமான தொடக்கம்.

*நாற்பதைத் தாண்டியபின் பால் குடித்தால் வயிறு உப்புசமாகிறது. இது நோயா?*
*– வாசகி, விருதுநகர்*

பெரும்பாலும் நோய் அல்ல. பாலிலுள்ள லாக்டோஸ் என்னும் சர்க்கரையைச் செரிக்கும் நொதி, பால்குடி மறந்தபின் குறைந்துவிடுவதே பாலூட்டிகளின் பொது வழக்கம். உலகில் வளர்ந்த மனிதர்களில் பெரும்பான்மையோரும் அப்படித்தான். மாடு வளர்த்துப் பால் குடித்து வாழ்ந்த சில சமூகங்களில் மட்டும், அந்த நொதி ஆயுள் முழுதும் சுரக்கும்படியான மரபணு மாற்றம் கடந்த சில ஆயிரம் ஆண்டுகளில் பரவியது. இந்தியாவில் அது வடமேற்கில் மிகுதி, தெற்கே வரவரக் குறைவு. தயிரிலும் மோரிலும் அந்தச் சர்க்கரையின் ஒரு பகுதி ஏற்கெனவே புளித்து மாறிவிடுவதால் அவை உங்களுக்கு ஒத்துக்கொள்ளக்கூடும். உப்புசத்தோடு எடைக் குறைவோ மலத்தில் இரத்தமோ இருந்தால் மருத்துவரைப் பார்க்க வேண்டும்.

*என் பேத்திக்கு அரிவாள் செல் சோகை என்று கண்டறிந்திருக்கிறார்கள். எங்கள் மலைப்பகுதியில் பல குடும்பங்களில் இது இருக்கிறது. முன்னோர் செய்த பாவம் என்று சிலர் பேசுவது மனத்தை வருத்துகிறது. இவ்வளவு கொடிய நோயை இயற்கை ஏன் அழிக்காமல் விட்டுவைத்தது?*
*– வாசகி, கூடலூர்*

அம்மா, உங்கள் முன்னோர் பிள்ளைகளைக் காய்ச்சலிலிருந்து பிழைக்க வைத்த ஒன்றின் மறுபக்கம்தான் இந்த நோய். அதைப் பாவம் என்று பேசுவது அறியாமை மட்டுமல்ல, கொடுமையும்கூட.

இரத்தச் சிவப்பணுவிலுள்ள ஹீமோகுளோபின் என்னும் புரதத்தில், பீட்டா சங்கிலியின் 6ஆவது இடத்தில் ஒரே ஓர் அமினோ அமிலம் மாறியிருப்பதே, சிவப்பணுக்கள் அரிவாள் போல் வளைந்துவிடும் இந்நோயின் காரணம். தாய், தந்தை இருவரிடமிருந்தும் மாறிய மரபணுவைப் பெற்ற குழந்தைக்குத்தான் நோய் வருகிறது. ஒருவரிடமிருந்து மட்டும் பெற்றவர் பொதுவாக நலமாகவே வாழ்கிறார். அதோடு, உயிரைப் பறிக்கும் ஃபால்சிபாரம் வகை மலேரியாவிலிருந்து அவருக்குப் பெருமளவு பாதுகாப்பும் கிடைக்கிறது. இதை 1954இல் ஆண்டனி ஆலிசன் என்னும் மருத்துவ ஆய்வாளர் கிழக்கு ஆப்பிரிக்காவில் எடுத்துக்காட்டினார்: மலேரியா மிகுந்த கடற்கரையிலும் விக்டோரியா ஏரிக் கரையிலும் இந்த மரபணு பரவலாக இருந்தது, கொசு குறைந்த உயர்ந்த மலைகளில் அரிதாக இருந்தது. மலேரியாவில் பல குழந்தைகள் இறந்துபோகும் ஊரில், ஒற்றை மரபணு உடையவர்கள் அதிகமாகப் பிழைத்துப் பிள்ளை பெறுவார்கள். இரட்டை மரபணு பெற்ற சிலரை நோய் கொண்டுபோனாலும் அந்த மரபணு மறையாமல் தலைமுறைகளைக் கடந்து வந்துவிடும்.

இந்தியாவில் இந்த மரபணு முதன்முதலாக 1952இல் நீலகிரிப் பழங்குடி மக்களிடம்தான் கண்டறியப்பட்டது. ஒரு காலத்தில் மலேரியாவுக்கு அஞ்சி வெளியார் நுழையத் தயங்கிய காடுகள் உங்கள் பகுதியிலும் வயநாட்டிலும் இருந்தன என்பதை உங்கள் வயதினர் கேள்விப்பட்டிருப்பீர்கள்.

பேத்தியின் பெற்றோர் இருவரும் ஒற்றை மரபணு உடையவர்களாக இருந்தால், ஒவ்வொரு பேறுகாலத்திலும் குழந்தைக்கு நோய் வரும் வாய்ப்பு நான்கில் ஒன்று. ஆகவே அடுத்த குழந்தைக்கு முன் மருத்துவ ஆலோசனை பெறட்டும். திருமணம் ஆகாத உறவினர்களும் சோதனை செய்துகொள்ளட்டும். ஹைட்ராக்சியூரியா என்னும் மருந்து வலி வந்து படுக்கும் நாள்களைக் குறைக்கிறது. சிறு வயதில் பென்சிலினும் தடுப்பூசிகளும் உயிர் காக்கின்றன. தண்ணீர் நிறையக் குடிப்பதும் குளிரில் நனையாமல் இருப்பதும் மலைவாசத்தில் மிகவும் தேவை. 2023 ஜூலையில் மத்திய அரசு தொடங்கிய அரிவாள் செல் சோகை ஒழிப்புத் திட்டத்தின் கீழ், பழங்குடிப் பகுதிகளில் 40 வயதுக்கு உட்பட்டோருக்குச் சோதனை செய்யப்படுகிறது. ஆரம்ப சுகாதார நிலையத்தில் கேளுங்கள்.

*காய்ச்சல் நல்லது, குறைக்கக் கூடாது என்கிறார்களே?*
*– வாசகர், ஆவடி*

காய்ச்சல் உடலின் தற்காப்பு என்பது உண்மை. 1975இல் மாத்யூ க்ளூகர் என்னும் ஆய்வாளரும் அவருடைய குழுவினரும், வெளிச்சூட்டைக் கொண்டே உடலைச் சூடேற்றிக்கொள்ளும் பாலைவன இகுவானா என்னும் பல்லியினங்களுக்குக் கிருமியைச் செலுத்தி வெவ்வேறு வெப்பநிலைகளில் வைத்தபோது, உடல் சூடேற முடியாதவையே அதிகமாக இறந்தன. ஆனால் இதிலிருந்து மாத்திரையே கூடாது என்ற முடிவுக்குப் போகக் கூடாது. தற்காப்பு, தேவைக்கு மேல் கூடுதலாகவே இயங்கும்படி அமைந்திருக்கிறது. கிருமியைத் தவறவிட்டால் உயிர் போகும், வீணாகச் சுட்டால் இரண்டு நாள் சோர்வுதான் என்பதால் அப்படி. எனவே குழந்தை விளையாடிக்கொண்டு தண்ணீர் குடிக்கிறது என்றால் வெப்பமானி காட்டும் எண்ணுக்காக மட்டும் மருந்து தர வேண்டியதில்லை. துவண்டு கிடந்தால் எடைக்கேற்ற அளவில் பாராசிட்டமால் தரலாம். மூன்று மாதத்துக்கு உட்பட்ட குழந்தைக்குக் காய்ச்சல் வந்தால் காத்திராமல் மருத்துவமனைக்குக் கொண்டுபோக வேண்டும். டெங்கு பரவும் மாதங்களில் ஆஸ்பிரினும் இபுப்ரூஃபனும் இரத்தக்கசிவைக் கூட்டக்கூடும் என்பதால் அவற்றை வீட்டில் நீங்களாகத் தராதீர்கள்.