விருந்தோம்பல் பரிமாற்ற வலையமைப்பு என்றால் என்ன? அது காலப்போக்கில் எவ்வாறு மாறுகிறது?

பயணிகளைத் தம் வீட்டில் கட்டணமின்றித் தங்கவைக்க விரும்புவோரையும், அவ்வாறு தங்கிப் பிற நாட்டு மக்களின் வாழ்வை அறிய விரும்புவோரையும் இணைப்பதே விருந்தோம்பல் பரிமாற்ற வலையமைப்பு. உலகப் போரின் வடு ஆறாத 1949ஆம் ஆண்டில், மக்கள் ஒருவரோடொருவர் பழகினால் அமைதி வளரும் என்ற நம்பிக்கையுடன் அமெரிக்கரான பாப் லூயிட்வெய்லரும் நண்பர்களும் டென்மார்க்கில் தொடங்கிய செர்வாஸ், இவற்றுள் மிக மூத்தவற்றில் ஒன்று.

முன்பின் அறியாதவரை எப்படி நம்புவது என்ற கேள்விக்கு ஒவ்வொரு காலமும் தன் கையிலுள்ள கருவியைக் கொண்டு விடை தேடுவதே இவ்வலையமைப்புகள் காலப்போக்கில் மாறுவதற்கு அடிப்படைக் காரணம். ஊருக்குப் புதியவர் வாடகைக்கு வீடு கேட்கும்போது, தெரிந்தவர் ஒருவர் “நல்ல மனிதர்” என்று சொன்னால் உரிமையாளரின் தயக்கம் குறைகிறதல்லவா? செர்வாஸில் அந்தத் தெரிந்தவரின் இடத்தை, உறுப்பினர் ஒருவர் பயணியிடம் நேரில் பேசி வழங்கும் அறிமுகக் கடிதம் நிரப்பியது. அச்சிட்ட முகவரிப் பட்டியல் பின்னர் இணையத்துக்கு மாறினாலும், நேர்காணல் வழக்கத்தை அவ்வமைப்பு கைவிடவில்லை. இது மிகச் சரியான முடிவென்றே கருதுகிறேன்.

2004இல் இணையத்தில் அறிமுகமான கவுச்சர்ஃபிங், நேர்காணலுக்குப் பதிலாக உறுப்பினர்கள் ஒருவரைப் பற்றி ஒருவர் எழுதும் மதிப்புரைகளை நம்பியதால் வேகமாக வளர்ந்தது. ஆனால் வளர்ச்சிக்குப் பணம் தேவைப்பட்டது. 2011இல் அது இலாப நோக்குள்ள நிறுவனமாகி, பெருந்தொற்றால் பயணங்கள் முடங்கிய 2020இல் பல நாடுகளில் உறுப்பினர் கட்டணம் விதித்தபோது, மனம் வருந்திய பலர் தன்னார்வலர்கள் நடத்தும் பீவெல்கம், டிரஸ்ட்ரூட்ஸ் ஆகிய வலையமைப்புகளை நாடினர்.

இவற்றை இலவச விடுதி என்று பலர் தவறாக எண்ணுகின்றனர்; உண்மையில் விருந்தளிப்பவர் எந்த வேண்டுகோளையும் மறுக்கலாம், விருந்தினரும் தம் நேரத்தையும் உரையாடலையும் பகிர வேண்டுமென்றே எதிர்பார்க்கப்படுகிறது.